றூஜ் ஆற்றங்கரையிலிருந்து யோர்க் கோட்டை வரை: ஒரு நாட் பயணமும் இருநூறு ஆண்டு வரலாறும்

கோடை விடுமுறை வந்துவிட்டால் டோர்செட் பார்க் பகுதியில் வாழும் நம்மவர் குடும்பங்கள் பிள்ளைகளை அழைத்துச் செல்லும் இடங்கள் பெரும்பாலும் இரண்டு. ஒன்று, ஸ்காபரோவின் வடகிழக்கு மூலையில் அமைந்த ரொறன்ரோ மிருகக்காட்சிச்சாலை. மற்றையது, வெளிநாடுகளிலிருந்து உறவினர் வரும்போது காட்டவென்று வைத்திருக்கும் நகரின் மையப்பகுதி. முன்னது விலங்கு பார்ப்பதற்கு, பின்னது கட்டடம் பார்ப்பதற்கு என்று நாம் அவற்றைப் பிரித்து வைத்திருக்கிறோம். ஒன்றுக்கும் மற்றதற்கும் தொடர்பு உண்டென்று எவரும் நமக்குச் சொன்னதில்லை.

தொடர்பு உண்டு. இந்த நகரை எழுப்பிய கைகளே இங்குள்ள காட்டை வெறுமையாக்கின. நிலத்தின் பெயர் மாறிய அதே ஆண்டில் விலங்கின் தலைக்கு விலை வைக்கப்பட்டது. அதே ஆட்சி, அதே முறையை, சில பத்தாண்டுகள் கழித்து நம் வன்னிக் காட்டிலும் கையாண்டது. ஆகவே விலங்கையும் கோட்டையையும் ஒரே நாளில், ஒரே பயணமாக, வரலாறு அறிந்த ஒருவரின் துணையோடு பார்ப்பதே சரியான பார்வையைத் தரும். அத்தகைய பயணத்துக்கு மூன்று நிலைகளை இங்கே எடுத்துரைக்கின்றோம்.

முதல் நிலை: நம் வாசலில் ஓடும் ஓடை

கென்னடி வீதியும் எல்ஸ்மியர் வீதியும் சந்திக்கும் சூழலில் அமைந்தது டோர்செட் பார்க். தொடர்மாடிகளும் தொழிற்கூடங்களும் கடைத்தொகுதிகளும் நிறைந்த இவ்விடத்தில் ஆறு ஏது, காடு ஏது என்று கேட்கத் தோன்றும். எனினும் இங்கு பெய்யும் மழைநீர் மேற்கு ஹைலண்ட் ஓடையைச் சேர்ந்து, தென்கிழக்காக ஓடி, ஒன்ராறியோ ஏரியில் கலக்கிறது. அவ்வோடை சிறிது தூரம் கிழக்கே, பிறிம்லி வீதியோரத்தில், தொம்சன் நினைவுப் பூங்காவின் ஊடாகச் செல்கிறது. கட்டுச்சோற்றுடன் நம்மவர் கூடும் அந்தப் பூங்காவிலேயே ஸ்காபரோ நூதனசாலையும் இருக்கிறது. 1858ஆம் ஆண்டின் கோர்னெல் இல்லமும் 1830களின் மரக்குற்றி வீடொன்றும் அங்கே பேணப்படுகின்றன.

பூங்காவுக்குப் பெயர் தந்தவர்கள் ஸ்கொட்லாந்திலிருந்து வந்த டேவிட் தொம்சன், மேரி தொம்சன் தம்பதியர். 18ஆம் நூற்றாண்டின் இறுதி ஆண்டுகளில் இங்கு வந்த இவர்களே ஸ்காபரோவில் நிலையாகக் குடியமர்ந்த முதல் ஐரோப்பியக் குடும்பத்தவராகப் போற்றப்படுகின்றனர். டேவிட் கொத்துத் தொழிலாளி. யோர்க் என்று அன்று அழைக்கப்பட்ட நகரில் வேலை செய்யச் சென்றுவிடுவார். மேரி காட்டின் நடுவே பிள்ளைகளுடன் தனித்திருந்து வீட்டைக் காத்தார். புதிய நாட்டில் கணவர் தொலைவில் உழைக்க, மனைவி தனியே குடும்பத்தைத் தாங்கிய கதை நம் பெண்களுக்குப் புதிதன்று. அந்த உழைப்பை நாம் குறைத்து மதிக்கவில்லை.

ஆயினும் தொம்சன் குடும்பம் வருமுன்னரே அவர்களுக்காகக் காடு சட்டத்தால் தயார் செய்யப்பட்டுவிட்டது. 1793ஆம் ஆண்டு, நயாகராவில் கூடிய மேல் கனடாவின் சட்டசபை, ஓநாய்களையும் கரடிகளையும் அழிப்பதை ஊக்குவிக்கும் சட்டமொன்றை நிறைவேற்றியது. விலங்கைக் கொன்று தலையைக் காட்டுவோருக்குப் பணம் வழங்கப்பட்டது. அடிமைகளைப் புதிதாகக் கொண்டுவருவதைத் தடுத்த புகழ்பெற்ற சட்டமும் அதே கூட்டத்தொடரில் நிறைவேறியதே. ஒரு கையால் மனித நேயச் சட்டத்தையும் மறு கையால் விலங்கின் அழிவுச் சட்டத்தையும் அவர்கள் எழுதினர். ஓநாய் கால்நடையின் பகை, ஆகவே நாகரிகத்தின் பகை என்பதே அவர்கள் கொண்ட கருத்து.

சட்டம் இன்றியே அழிந்தவையும் உண்டு. மேல் கனடாவின் துணை ஆளுநராக இருந்த ஜோன் கிறேவ்ஸ் சிம்கோவின் மனைவி எலிசபெத் 1793இல் இங்கு வந்தபோது நாட்குறிப்பு எழுதி வந்தார். இரவில் தீப்பந்த வெளிச்சத்தில் சுதேச மக்கள் சால்மன் மீனை ஈட்டியால் குத்திப் பிடிப்பதையும், வானை மறைத்துப் பறந்த காட்டுப் புறாக் கூட்டங்களையும் அவர் வியந்து பதிவு செய்தார். அடுத்த நூறு ஆண்டுகளில் அவை இரண்டும் இல்லாமற் போயின. ஓடைகள்தோறும் மரமரியும் ஆலைகளும் மாவாலைகளும் எழுந்தன. ஆலைக்கு நீர் தேக்கிய அணைகள், முட்டையிட ஓடையில் ஏறிவந்த மீனை மறித்தன. மரத்தூள் ஓடையின் அடிப்பரப்பை மூடியது. மரம் வெட்டப்பட்டதால் நீர் வெப்பமடைந்தது. 1898ஆம் ஆண்டளவில் ஒன்ராறியோ ஏரியில் அட்லாண்டிக் சால்மன் இனம் அற்றுப் போயிற்று. நகரின் மேற்கிலுள்ள மிமிக்கோ என்னும் இடப்பெயருக்குக் காட்டுப் புறாக்கள் நிறைந்த இடம் என்று பொருள். அந்தப் புறா இனத்தின் கடைசிப் பறவை 1914ஆம் ஆண்டு செப்டெம்பர் 1ஆம் திகதி அமெரிக்காவின் சின்சினாட்டி மிருகக்காட்சிச்சாலைக் கூண்டில் இறந்தது. பறவை போயிற்று, பெயர் மட்டும் நின்றது.

இன்று புரட்டாதி, ஐப்பசி மாதங்களில் ஹைலண்ட் ஓடையில் பெரிய சால்மன் மீன்கள் துள்ளி ஏறுவதை நம் பிள்ளைகள் காணலாம். அவற்றுட் பெரும்பாலானவை பழைய மீனினம் அல்ல. 1960களின் இறுதியிலிருந்து பசிபிக் கரையோரத்து இனங்களைக் கொணர்ந்து ஏரியில் விட்டதன் வழிவந்தவை. அவையும் இந்நீருக்குப் புலம்பெயர்ந்து வந்தவையே. பழைய அட்லாண்டிக் இனத்தை மீளக் கொண்டுவரும் முயற்சி 2006ஆம் ஆண்டு முதல் நடைபெற்று வருகிறது.

ஆனையிறவும் ஓநாய்ச் சட்டமும்

ஓடைக்கரையில் நின்று இவற்றைப் பேசும்போது நம் மனம் இயல்பாகவே ஈழத்துக்குத் திரும்புகிறது. மிமிக்கோவைப் போலவே, உயிர் போய்ப் பெயர் நின்ற ஓர் இடம் நமக்கும் உண்டு. அது ஆனையிறவு. போர்ச் செய்திகளிலேயே அப்பெயரைக் கேட்டு வளர்ந்த தலைமுறைக்கு அதன் பொருள் மறந்திருக்கும். வன்னிக் காட்டிற் பிடித்த ஆனைகளை இறக்கிக் கடத்தி யாழ்ப்பாணத்துக்குக் கொண்டுவந்த வழி அது. ஒல்லாந்தர் 1658 முதல் 1795 வரை யாழ்ப்பாணத்தை ஆண்ட காலத்தில் வன்னியர்களிடம் திறையை ஆனைகளாகவே அறவிட்டனர். கோல்கொண்டாவிலிருந்தும் வங்கத்திலிருந்தும் வணிகர் யாழ்ப்பாணத்துக்கு வந்து அவற்றை வாங்கிக் கப்பலேற்றிச் சென்றனர்.

ஒல்லாந்தருக்கு ஆனை விற்பனைப் பொருள். பின்வந்த பிரித்தானியருக்கோ அது தொல்லையாயிற்று. தலைக்குச் சில ஷில்லிங் வீதம் வெகுமதி அறிவித்தனர். 1845 முதல் 1850 வரை இலங்கையின் குடியேற்றச் செயலாளராக இருந்த எமர்சன் ரெனன்ற், 1848க்கு முந்திய மூன்று ஆண்டுகளுக்கும் குறைந்த காலத்தில், வட மாகாணத்தின் ஒரு பகுதியில் மாத்திரம் 3,500க்கும் மேற்பட்ட ஆனைகள் கொல்லப்பட்டதாக எழுதிவைத்துள்ளார். மேஜர் றொஜர்ஸ் என்னும் அதிகாரி தனியொருவராகவே 1,400 ஆனைகளைச் சுட்டவர் என்பதும் அவர் தரும் செய்தியே. 1793இல் நயாகராவில் ஓநாய்த் தலைக்கு விலை வைத்த ஆட்சிமுறை, அரை நூற்றாண்டு கழித்து வன்னியில் ஆனைக்கு விலை வைத்தது. கடல்கள் பல இடையிற் கிடந்தன. கணக்குப் புத்தகம் ஒன்றே.

இரண்டாம் நிலை: றூஜ் பள்ளத்தாக்கு

கென்னடி நிலையத்திலிருந்து பேருந்தேறினால் மிருகக்காட்சிச்சாலை வாசலிலேயே இறங்கலாம். அதனைச் சூழ்ந்து பரந்து கிடப்பது றூஜ் தேசிய நகர்ப்புறப் பூங்கா. உள்ளே நுழையுமுன் நிலத்தின் கதையை அறிவது நன்று.

17ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் றூஜ் ஆற்றின் முகத்துவாரத்தை அண்டி கனற்செக்வியாகொன் என்னும் செனெக்கா இன மக்களின் ஊர் இருந்தது. ஏரியிலிருந்து வடக்கே செல்லும் பழைய நடைவழியின் ஒரு கிளை அங்கிருந்தே தொடங்கியது. 1991இல் தேசிய வரலாற்றுச் சின்னமாக அறிவிக்கப்பட்ட பீட் ஹில் என்னும் இடம் அவ்வூரின் எச்சம் எனக் கருதப்படுகிறது. செனெக்காக்கள் அகன்ற பின் மிசிசாகா மக்கள் இங்கு வாழ்ந்தனர். வேட்டையும் மீன்பிடியும் காட்டரிசி சேகரிப்பும் அவர்கள் வாழ்வு.

அவர்கள் நிலம் கைமாறிய விதம் கேட்போரை வியக்கவைப்பது. 1787, 1788ஆம் ஆண்டுகளில் ஏரியின் வடகரை குறித்துச் செய்யப்பட்ட உடன்படிக்கையைத் துப்பாக்கிச் சத்த உடன்படிக்கை என்று அழைப்பர். கரையில் நின்று சுட்டால் எவ்வளவு தூரம் வெடியோசை கேட்குமோ அவ்வளவு நிலம் என்பது அதன் அளவை. எல்லை ஒழுங்காக எழுதப்படாமலே நிலம் அளந்து பிரித்துக் கொடுக்கப்பட்டது. ஸ்காபரோவில் வீதிகளும் தோட்டங்களும் தேவாலயங்களும் எழுந்து நூற்றாண்டுக்கு மேலான பிறகு, 1923இல், வில்லியம்ஸ் உடன்படிக்கைகள் மூலம் அக்குறையை அரசு நிவர்த்தி செய்ய முற்பட்டது. கையெழுத்திட்ட ஏழு சுதேச சமூகங்களும் தம் பழைய வேட்டை, மீன்பிடி உரிமைகளையும் அதனால் இழந்தவராகக் கொள்ளப்பட்டனர். தம் முன்னோர் மீன்பிடித்த ஓடையில் மீன்பிடித்தமைக்காக அவர்கள் குற்றவாளிகளாயினர். 2018ஆம் ஆண்டிலேயே மத்திய, மாகாண அரசுகள் 111 கோடி டொலர் இழப்பீட்டுக்கு உடன்பட்டு, முந்திய உடன்படிக்கைப் பகுதிகளில் அவ்வுரிமைகளை ஏற்று, மன்னிப்பும் கோரின. 95 ஆண்டுகள் சென்றிருந்தன.

வனவிலங்குப் பாதுகாப்பைப் பேசுவோர் நினைவிற் கொள்ளவேண்டிய பாடம் இது. காட்டை அழித்தோர் ஒருவர். காட்டிற்குள் நுழையாதே என்று தடுக்கப்பட்டோர் வேறொருவர்.

இனி, பாதுகாப்பின் கதை. 1972இல் ரொறன்ரோவின் கிழக்கே பிக்கறிங் பகுதியில் புதிய விமானநிலையம் அமைக்கவென்று மத்திய அரசு பெருநிலப்பரப்பைக் கையகப்படுத்தியது. விவசாயிகள் வீடுகளை இழந்தனர். மக்கள் எதிர்த்தனர். 1975 முதல் ஸ்காபரோ மக்கள் அமைப்பாகத் திரண்டு றூஜ் பள்ளத்தாக்கைக் கட்டடம் எழுப்புவோரிடமிருந்து காக்கப் போராடினர். 1990களில் மாகாணத்தின் துணையுடன் றூஜ் பூங்கா உருவாயிற்று. 2015ஆம் ஆண்டில் அது கனடாவின் முதலாவது தேசிய நகர்ப்புறப் பூங்காவாகச் சட்டமூலம் பெற்றது. பூங்காவின் பரப்பு இன்று ஏறத்தாழ 79 சதுர கிலோமீற்றர். 2025ஆம் ஆண்டு ஜனவரியில் பிக்கறிங் விமானநிலையத் திட்டமும் கைவிடப்பட்டது. அதனை அறிவித்த அன்றைய போக்குவரத்து அமைச்சர் அனிதா ஆனந்த் தமிழ் வழிவந்தவர் என்பது நம் வாசகருக்கு மகிழ்வூட்டும் செய்தி. ஐம்பது ஆண்டுகளுக்கு மேலாக அயராது கேட்டவர்கள் பெற்றார்கள்.

மிருகக்காட்சிச்சாலை 1974ஆம் ஆண்டு ஓகஸ்ட் 15ஆம் திகதி இங்கு திறக்கப்பட்டது. அதற்கு முன் நகர மையத்துக்கு அண்மையில் றிவர்டேல் என்னும் இடத்தில் நெருக்கமான கூடுகளில் விலங்குகள் அடைக்கப்பட்டிருந்தன. 710 ஏக்கர் பரப்பில் அமைந்த புதிய சாலை, காட்சிக்கென்று மட்டும் அல்லாமல் இனப்பெருக்கத்துக்கென்றும் உழைக்கிறது. கனடாவிலிருந்து முற்றாக அற்றுப்போன கருங்கால் மரநாய் இங்கே பெருக்கப்பட்டு, 2009இல் சஸ்கச்சுவான் புல்வெளியில் மீண்டும் விடப்பட்டது. நமக்கு இன்னும் அண்மையிலுள்ளது பிளாண்டிங் ஆமையின் கதை. மஞ்சள் நிறக் கழுத்துடைய இவ்வாமை றூஜில் விரல்விட்டு எண்ணுமளவுக்குக் குறைந்திருந்தது. முட்டைகளைச் சேகரித்து, மிருகக்காட்சிச்சாலையில் பொரிக்கவைத்து, பகைவிலங்கின் வாய்க்கு எட்டாத அளவுக்கு இரண்டு ஆண்டுகள் வளர்த்து, 2014 முதல் பூங்காவின் ஈரநிலங்களில் விடுகிறார்கள். இவ்வாமை முட்டையிடும் பருவத்தை அடையவே ஏறத்தாழ இருபது ஆண்டுகள் வேண்டும். எண்பது ஆண்டுகள் வரை வாழக்கூடியது. விட்டவர்கள் விளைவைக் காணாமலே ஓய்வு பெறக்கூடும். எனினும் விடுகிறார்கள்.

ஆனையைக் காணும் ஆவலோடு வரும் பிள்ளைகளுக்கு ஒன்று சொல்லவேண்டும். இங்கு இன்று ஆனை இல்லை. இருந்த மூன்று ஆபிரிக்க ஆனைகளும், கனடாவின் பனிக்காலம் அவற்றுக்கு ஏற்றதன்று என்ற நீண்ட விவாதத்தின் பின், 2013ஆம் ஆண்டு ஒக்டோபரில் கலிபோர்னியாவிலுள்ள சரணாலயமொன்றுக்கு அனுப்பப்பட்டன. ஏன் இல்லை என்பதைச் சொன்னால் அது பிள்ளைக்கு ஏமாற்றமாகாது, கல்வியாகும்.

மூன்றாம் நிலை: யோர்க் கோட்டை

பிற்பகலில் நகர மையத்துக்குச் செல்வோம். வழியில் நம் கண்ணில் அடிக்கடி படும் பெயர் டண்டாஸ். 1793இல் சிம்கோ இந்தப் பாதையை வெட்டுவித்து, தமது மேலதிகாரியான ஹென்றி டண்டாஸின் பெயரைச் சூட்டினார். அந்த டண்டாஸ் யார்? இந்திய விவகாரக் கட்டுப்பாட்டுச் சபையின் தலைவராகவும், 1794 முதல் 1801 வரை பிரித்தானியாவின் போர் அமைச்சராகவும் இருந்தவர். 1795ஆம் ஆண்டு ஓகஸ்டில் திருகோணமலையும் செப்டெம்பரில் யாழ்ப்பாணமும் பிரித்தானியரிடம் வீழ்ந்தபோது லண்டனில் அப்போர்ப் பொறுப்பை வகித்தவர் இவரே. அடிமை வாணிப ஒழிப்பைத் தாமதப்படுத்தினார் என்ற குற்றச்சாட்டால் வீதியின் பெயரை மாற்ற 2021இல் நகரசபை தீர்மானித்தது. 2023 டிசம்பரில் அதைக் கைவிட்டு, யங்-டண்டாஸ் சதுக்கத்துக்குச் சங்கோபா எனப் பெயரிட முடிவு செய்தது. இந்நகரத்தார் நடத்திய அந்த விவாதத்தில் நமக்கும் பங்கு இருந்தது என்பதை நம்மிற் பலர் அறிந்திருக்கவில்லை.

சிம்கோ தம்பதியர் பெயர் சூட்டுவதில் ஊக்கமிக்கவர்கள். ஏரிக்கரைக் குன்றுகள் இங்கிலாந்தின் ஸ்காபரோக் கரையை நினைவூட்டியதால் எலிசபெத் இட்ட பெயரே இன்று நாம் வாழும் இடத்தின் பெயர். 1793 ஓகஸ்ட் 27ஆம் திகதி, யோர்க் கோமகனின் படை வெற்றியைக் கொண்டாடிப் பீரங்கி வேட்டு முழங்க, ரொறன்ரோ என்ற பெயரை நீக்கி யோர்க் என்று மாற்றினார் சிம்கோ. ரொறன்ரோ என்பது மோஹாக் மொழிச் சொல். தண்ணீரில் மரங்கள் நிற்குமிடம் என்று பொருள் கொள்வர். சிம்கோ ஏரியின் வடமுனையில் மீன் மறிக்கத் தடிகளை நட்டு அமைத்த வேலிகளைக் குறித்த பெயர் அது. ஐயாயிரம் ஆண்டுப் பழைமை வாய்ந்தவை அவ்வேலிகள். யாழ்ப்பாணக் கடனீரேரியில் தடி நட்டுக் கட்டும் சிறகுவலையைக் கண்டவர்களுக்கு இப்பெயரின் அழகு உடனே விளங்கும். 1834இல் நகராட்சி அமைந்தபோது பழைய பெயர் திரும்பியது. உலகறிந்த இந்நகரின் பெயர் ஒரு மீனவர் சொல்.

1793இல் சிம்கோ நிறுவிய யோர்க் கோட்டை அன்று ஏரிக்கரையில் நின்றது. ஏரியை மண்ணிட்டு நிரப்பியதால் இன்று கரை எட்ட நிற்கிறது. பக்கத்தில் ஓடிய கரிசன் ஓடை நிலத்தடிக் கால்வாயாக மூடப்பட்டுவிட்டது. 1813 ஏப்ரல் 27ஆம் திகதி அமெரிக்கப் படை இங்கு கரையிறங்கியபோது முதலில் எதிர்த்து நின்றவர்களுள் மிசிசாகா, ஓஜிப்வே வீரர்களும் இருந்தனர். பின்வாங்கிய பிரித்தானியர் வெடிமருந்துச் சாலையைத் தகர்த்ததில் அமெரிக்கத் தளபதி பைக் உட்படப் பலர் மாண்டனர். அமெரிக்கர் சட்டசபைக் கட்டடத்தை எரித்தனர். அடுத்த ஆண்டு பிரித்தானியர் வாஷிங்டனை எரித்தனர்.

நகருக்காகப் போரிட்ட மிசிசாகாக்கள் பெற்றது என்ன? எட்டு ஆண்டுகள் முன்னதாக, 1805இல், ஏறத்தாழ 250,000 ஏக்கர் நிலம் 10 ஷில்லிங்குக்கு எழுதி வாங்கப்பட்டிருந்தது. 1787இல் எழுதிய முதல் உறுதி பின்னர் வெற்றுத்தாளாகக் காணப்பட்டமையாலேயே இந்த இரண்டாவது உறுதி வேண்டியிருந்தது. 1847இல் அவர்கள் கிறெடிற் ஆற்றங்கரையையும் விட்டுப் பெயர்ந்தனர். 2010ஆம் ஆண்டில் அரசு 14.5 கோடி டொலர் இழப்பீடு வழங்க உடன்பட்டது.

கோட்டையும் அழிவிலிருந்து தப்பியதே. 1950களின் இறுதியில் கார்டினர் நெடுஞ்சாலையை இதன்மேற் கொண்டுசெல்ல முனைந்தபோது குடிமக்கள் எதிர்த்து நின்றனர். சாலை விலகிச் சென்றது. றூஜைக் காத்தவர்களும் கோட்டையைக் காத்தவர்களும் செய்த பணி ஒன்றே. எஞ்சியதை இனியும் அழியவிடோம் என்றனர்.

நமக்கு என்ன?

1986ஆம் ஆண்டு ஓகஸ்டில் நியூபவுண்ட்லாந்துக் கரைக்கு அப்பால் உயிர்காப்புப் படகுகளில் 155 தமிழர் மீட்கப்பட்டது முதல், இந்நாடு நமக்கு அடைக்கலம் தந்து வருகிறது. அந்நன்றி நமக்கு என்றும் உண்டு. ஆனால் நன்றி என்பது நம்மை ஏற்றவரின் வரலாற்றை மட்டும் கற்பதோடு முடிவதன்று. நமக்குக் கிடைத்த நிலத்தை இழந்தவர் எவர் என்று அறிவதும் நன்றியின் பகுதியே. ஊர்ப்பெயர் மாற்றப்படுவதன் வலியும், காணி உறுதி கையிலிருந்தும் காணிக்குள் நுழைய முடியாமையின் வலியும் நமக்குப் பிறர் விளக்கவேண்டியவை அல்ல. அவ்வலியை அறிந்தவர்களே பிறர் இழப்பைக் கண்டுகொள்ளாமற் போனால், வேறு எவர் கண்டுகொள்வர்?

ஆகவே இக்கோடையில் பிள்ளைகளோடு பேரன் பேத்திகளோடு முதியவர்களும் புறப்படுக. காலையில் ஓடைக்கரை, முற்பகலில் றூஜ், பிற்பகலில் கோட்டை. றூஜில் பூங்கா அலுவலர் நடத்தும் வழிகாட்டு நடைகள் உண்டு. கோட்டையிலும் விளக்குவோர் உளர். அவர்கள் ஆங்கிலத்திற் சொல்வதைக் கேட்டபின், ஆனையிறவின் கதையைத் தமிழில் சொல்வது நம் முதியோரின் பங்கு. மிமிக்கோ எதனாற் பெயர் பெற்றது என்பதையும் ஆனையிறவு எதனாற் பெயர் பெற்றது என்பதையும் ஒருசேர அறிந்த பிள்ளை, இந்த மண்ணுக்கும் அந்த மண்ணுக்கும் உரிய பிள்ளையாக வளரும்.